வீரையன் வயலுக்குப் போன விதை

குத்தாலத்துப் பக்கம் செம்மொழி என்றால் தெரியாதவர்கள் இல்லை. ஊரார் வயலில் நாற்றுப் பறித்தே பொன்னுத்தாய் வாங்கிய ஒன்றரை ஏக்கரில், பி.எஸ்சி. முடித்த கையோடு பயிர்செய்ய இறங்கிய மகள் அவள். அந்த நிலத்தை விட்டுவிட்டு எவன் பின்னாலும் போவதில்லை என்பது அவள் வைராக்கியம். வெளியே சொன்னால் வருகிற வரனும் ஓடிவிடுமே என்று பொன்னுத்தாய்க்குப் பயம்; மகளை வாய் திறக்க விடவில்லை.

இரண்டு பேர் பெண் கேட்டு வந்தார்கள். அத்தை மகன் பரிதி, அறுவடை மெஷின் வைத்திருப்பவன். மீசையைத் தடவாமல் அவனுக்குப் பேச்சு வராது. மயிலாடுதுறை மோட்டார் மெக்கானிக் மருதையனுக்கோ பேச்சே வராது.

"வெள்ளிக்கிழமை பதில் சொல்லிடுடி" என்றாள் அம்மா.

வியாழக்கிழமை காலை, முந்தைய நாள் முளைவிதை தெளித்த நாற்றங்காலில் முளை அழுகாமலிருக்கத் தண்ணீரை வடித்துவிட்டு, ஒரு வளைகாப்புக்குப் போனாள் செம்மொழி. அந்த நேரம் பார்த்தா வரவேண்டும் இந்த மகராசன்கள்! நாற்றங்கால் காய்கிறதென்று நினைத்த பரிதி, அவளை அசத்திவிடலாம் என்று வாய்க்கால் மடையைத் திறந்துவிட்டான். பின்னால் வந்த மருதையன், விதை முழுகுவதைக் கண்டு பதறி, எதிர் வரப்பை அகலமாக வெட்டிவிட்டான். மெல்ல வடியவேண்டிய தண்ணீர் ஒரே பாய்ச்சலாகப் பக்கத்து வீரையன் வயலுக்குப் போனது. விதையும் கூடவே போனது.

திரும்பி வந்து பார்த்தவளுக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது.

"இதுக்குப் போயி அழுவியா?" என்று சிரித்தான் பரிதி. "கல்யாணத்துக்கப்புறம் உனக்கெதுக்கு இந்தச் சேத்து வேலை? வித்துட்டு இன்னொரு மெஷின் எடுத்துடலாம்."

முழங்கால் சேற்றோடு நின்ற மருதையன், "வரப்ப வெட்டுனது நான்தாங்க. ஒரு போன் போட்டுக் கேட்டிருக்கணும். மறுபடி எப்ப தெளிப்பீங்க? கூட வந்து நிக்கிறேன்" என்றான்.

"கல்யாணத்துக்கப்புறமும் இத நான்தான் பயிர்செய்வேன்!" கோபத்தில் உடைத்தே சொல்லிவிட்டாள் செம்மொழி.

"பின்ன வேற யாருங்க செய்வா? எனக்குத்தான் ஒண்ணும் தெரியலையே" என்றான் மருதையன்.

அவளுக்குச் சிரிப்பு வந்து தொலைத்தது. பொன்னுத்தாய்க்கு வெள்ளிக்கிழமைவரை காத்திருக்கும் வேலை மிச்சமானது.

கல்யாணமாகி இரண்டு குறுவை அறுவடை முடிந்துவிட்டது. இன்றும் மடையைத் தொடுமுன் மருதையன் போன் போட்டுக் கேட்கிறான். அவள் எதிர் வரப்பில் நின்றாலும் போன்தான்.