மூன்று நிலாக்களின் நிறைந்த நாள்

என் மகள் ஒரு காலண்டர் செய்தாள். இந்த உலகத்துக்கானது அல்ல. அவளே உண்டாக்கிய ஓர் உலகத்துக்கானது.

அவள் பன்னிரண்டாம் வகுப்பு. நாமக்கல் பக்கம் விடுதிப் பள்ளி ஒன்றில் சேர்த்திருந்தோம். தீபாவளி விடுமுறைக்கு வந்தவள் பையிலிருந்து சுருட்டிய சார்ட் தாளை எடுத்துக் கூடத்துத் தரையில் விரித்தாள். ஒன்றுக்குள் ஒன்றாக மூன்று வட்டங்கள், ஓரமெல்லாம் பொடி எழுத்து. கோவையில் பம்ப் கம்பெனி ஒன்றில் வரைபடப் பிரிவில் இருபது வருடமாக வேலை பார்க்கிறேன். கோடு சுத்தமாக இருந்தால் எனக்கு மற்றதெல்லாம் மறந்துபோகும். அன்றும் கோட்டைத்தான் பார்த்தேன்.

அவள் விளக்கினாள். அந்த உலகத்தில் சூரியன் ஒரு பக்கத்தில் மட்டும் நின்று எரிந்துகொண்டிருக்கும். அந்தப் பக்கம் யாரும் வாழ முடியாது. மக்கள் எல்லோரும் மறுபக்கத்தில். அவர்களுக்கு விடியலே கிடையாது. மூன்று நிலாக்கள்தான் வெளிச்சம். தூங்கி எழுந்தால் ஒரு நாள். முதல் நிலா எட்டு நாளுக்கு ஒரு முறை மறையும், இரண்டாவது பதினைந்து நாளுக்கு, மூன்றாவது இருபத்தெட்டு நாளுக்கு. மூன்றும் ஒன்றாக மறைவது எண்ணூற்று நாற்பது நாளுக்கு ஒரு தடவை. இந்தத் தீபாவளியன்றுதான் அப்படி மறைந்ததாக வைத்து எண்ணத் தொடங்கியிருந்தாள்.

"அந்த நாளுக்கு மட்டும் பேரே கெடைக்கலம்மா" என்றாள்.

"இதிலென்ன கண்ணு இருக்குது? நாம அமாவாசைய நெறஞ்ச நாள்ங்கறமில்ல. அதையே வெச்சுப்போடு."

எங்கள் பக்கம் அப்படித்தான். கடை திறப்பது, வண்டி எடுப்பது, போர்வெல் போடுவது எல்லாம் அமாவாசையில். நிலாவே இல்லாத நாளுக்கு எதற்கு அந்தப் பெயர் என்று நான் ஒருநாளும் யோசித்ததில்லை. அவள் சிரித்துக்கொண்டே எழுதினாள். அதன்கீழ் ஒரு வரி சேர்த்தாள்: அன்று யாரும் யாரையும் தனியாக விடக்கூடாது.

தாளைச் சுவரில் ஒட்டினேன். பலகாரம் கொண்டுவந்த என் கணவரின் அண்ணன் அதன்முன் நின்று தலையைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தார்.

"ஏனம்மணி, உன்ற காலண்டர்ல ராகுகாலம் எங்கிருக்குது?"

"அங்க ராகுவே இல்லீங்க பெரியப்பா."

"அப்ப கல்யாணத்துக்கு நாள் குறிக்கறவன் பொழப்பு?"

"அங்க கல்யாணமே இல்லீங்க."

"அட, இத முன்னாடியே சொல்லியிருந்தா நானும் அங்கியே போயிருப்பேனே!"

வீடே சிரித்தது. விடுமுறை முடிந்து அவள் கிளம்பும்போது பெட்டியை அடுக்கவே ஒரு நாளானது. ஒவ்வொரு துணியையும் மடித்துப் பிரித்து மறுபடி மடித்தாள். சோம்பல் என்று திட்டினேன்.

விடுதியில் ஞாயிற்றுக்கிழமை மட்டும் பத்து நிமிடம் பேசலாம். வார்டனின் போன், ஸ்பீக்கரில். வார்டன் பக்கத்திலேயே நிற்பார். சாப்பிட்டாயா, படித்தாயா, மார்க் எவ்வளவு. அதற்கே நேரம் சரியாக இருக்கும். பொங்கல் கழிந்த ஒரு ஞாயிறு, மறுநாள் மாதத் தேர்வு என்று எனக்குத் தெரியும்.

"நாளைக்கு நெறஞ்ச நாள்ம்மா" என்றாள்.

"அப்படியா! ரொம்ப நல்லதாப் போச்சு கண்ணு. நல்லா எழுது."

பத்து நிமிடம்கூட ஆகவில்லை.

"சரிம்மா. வெக்கறேன்."

கணவரிடம் சொன்னேன், நாளைக்கு நாள் நல்லாயிருக்குதாமுங்க என்று. அவர் தினசரிக் காலண்டரைப் பார்த்துவிட்டு, "அமாவாசைதான் போன வாரமே போயிருச்சே" என்றார். "இது அவ காலண்டருங்க" என்றேன். இரண்டு பேரும் சிரித்தோம். அந்தச் சிரிப்பு இன்னும் என் காதை விட்டுப் போகவில்லை. மகள் வரைந்த தாள் நாலடி தூரத்தில் சுவரில் இருந்தது. எழுந்துபோய்ப் பார்க்கவில்லை.

மறுநாள் காலை பத்தேகாலுக்கு, நான் வேலையில் இருக்கும்போது, தெரியாத எண்ணிலிருந்து ஒரு பெண்மணி பேசினார்.

"ஏனுங்க, இந்தப் புள்ளைக்கு அம்மாங்களா? நான் பவானி கூடுதுறைல பூ விக்கறனுங்க. ரொம்ப நேரமாப் புள்ள படியில உக்காந்து தண்ணியவே பாத்துட்டிருக்குதுங்க. பேச்சுக் குடுத்துக் குடுத்து இப்பத்தான் நம்பர் வாங்குனேன். நீங்க வார வரைக்கும் நான் எங்கியும் போகமாட்டனுங்க. வெரசா வாங்க."

பள்ளியிலிருந்து அதுவரை ஒரு தகவலும் இல்லை. கணவரை வரச்சொல்லி இரண்டு பேரும் காரில் பவானிக்குக் கிளம்பினோம். பெருந்துறை தாண்டும்போது மனசுக்குள் எட்டு, பதினைந்து, இருபத்தெட்டு என்று கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். தீபாவளியிலிருந்து எண்ணூற்று நாற்பது நாள். இன்னும் இரண்டு வருடம் பாக்கி.

பூக்கார அம்மா கூடையைப் படியிலேயே வைத்துக்கொண்டு அவளை ஒட்டி உட்கார்ந்திருந்தார். அவள் மடியில் உதிரிப்பூவும் நாரும். தொடுக்கச் சொல்லிக் கொடுத்திருக்கிறார். நான் அருகில் உட்கார்ந்தேன். கட்டிப்பிடித்திருக்க வேண்டும். என் வாயில் வந்தது வேறு.

"கணக்குப்படி இன்னும் ரெண்டு வருசம் இருக்குதே கண்ணு."

"எனக்குக் கணக்குத் தெரியாதாம்மா?" அவள் பூவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "அன்னிக்கு யாரையும் தனியா உடக்கூடாதுன்னு எழுதியிருந்தேனில்ல. வார்டன் முன்னாடி வேற எப்படிச் சொல்றது? நெறஞ்ச நாள்னா நீ வந்துருவேன்னு நெனச்சேன்."

அந்தப் பெயரை வைத்தவளே நான்.

"ஊட்டுக்கு வரத்தான் விடிகாலைல யாருக்கும் தெரியாம பஸ் ஏறுனேன்" என்றாள் பிறகு. "இங்க பஸ் மாறோணும். ஊட்டுக்கு வந்தா அப்பா மறுபடி கொண்டுபோய் உட்டுருவாருன்னு தோணுச்சு. அப்புறம் எந்தப் பக்கம் போறதுன்னே தெரியல."

தண்ணீரைப் பார்த்துக்கொண்டு என்ன நினைத்தாள் என்று நான் கேட்கவில்லை. இன்றுவரை கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்று தெரியும்.

காரில் என் தோளில் சாய்ந்துகொண்டாள். கண் மூடியிருந்தது. நாமக்கல் போகும் காவிரிப் பாலத்துப் பக்கம் வந்ததும் கணவர் வண்டியை மெதுவாக்கினார். வலது கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"ஸ்கூலுக்குப் போயி ஒரு வார்த்தை சொல்லிப்போட்டு வந்தரலாமா? பொட்டி, புக்கெல்லாம் அங்க கெடக்குது. பப்ளிக் பரிட்சைக்கு இன்னும் ஒண்ணரை மாசம்தான். ஒரு வாரம் ஊட்ல இருந்தா சரியாயிருவா. அப்புறமேலுக்கு..."

என் தோளில் அவள் மூச்சு ஒரு கணம் நின்றது. தூங்கவில்லை.

"பொட்டி கெடந்துட்டுப் போகுதுங்க" என்றேன். "வண்டியத் திருப்புங்க. ஊட்டுக்குப் போலாம்."

அவர் கண்ணாடியில் என்னைப் பார்த்தார். பின்னால் ஒரு லாரி ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தது. நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, அவர் திருப்பும்வரை அந்தக் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தேன்.