முதலியாரின் கச்சேரி

ரொறன்ரோவின் அஜின்கோர்ட்டில் அமிர்தநாதரைக் கண்டால் வழி மாறிப் போகாதவர்கள் குறைவு. ஆள் தங்கமானவர்தான். ஆனால் வாயைத் திறந்தால் சந்தியாப்பிள்ளை முதலியார்.

வெள்ளைக்காரன் காலத்தில், யாழ்ப்பாணத்துக்கு அருகே இருக்கும் எங்கள் தீவிலிருந்து சட்டசபைக்குப் போன ஒரே ஆள் அந்த முதலியார். அமிர்தநாதரோ அகதியாக வந்திறங்கி, பேக்கரியில் மா மூட்டை சுமந்து, பிறகு ஓய்வு பெறும்வரை ரொறன்ரோவில் பஸ் ஓட்டியவர். பஸ்ஸுக்குள் பேச முடியாததை எல்லாம் சேர்த்து வைத்து எங்கள் ஊர்ச்சங்கத்தில் கொட்டினார். ஆண்டுதோறும் முதலியார் நினைவுக் கூட்டம் வைப்பார். எந்த ஆண்டு எந்தப் பதவி, எந்தத் துரை கையால் எந்தப் பட்டம் என்று எழுதி வந்ததை ஒரு சொல் விடாமல் வாசிப்பார். கேட்க வருகிறவர்கள் ஒரு வான் வண்டிக்குள் அடங்கிவிடுவார்கள். அதில் பாதிப்பேர் கூட்டம் முடியக் கொடுக்கும் மட்டன் றோல்சுக்கு வந்தவர்கள். நானும் அந்தப் பாதிதான்.

போன வருடம் சங்கத் தலைவியான ஜோசப்பின், அமிர்தநாதரின் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார்.

"அண்ணை, கோவிக்காதேங்கோ. இந்தமுறையும் சனம் வராட்டி இதோட நிப்பாட்டுவம். வெறுங் கதிரையளுக்கு ஏன் ஒரு ஹோல்?"

அமிர்தநாதர் அன்றைக்கு ஒன்றும் பேசாமல் வீட்டுக்குப் போனார். அவர் பேசாமல் போனதை நான் அன்றுதான் பார்த்தேன். பாவமாக இருந்தது.

ஆங்கிலத்தில் நோட்டீஸ் அடித்தால் கூட்டம் வரும் என்றாள் சங்கச் செயலாளர் நிரோஷினி. இங்கே பிறந்தவள், கெட்டிக்காரி. விபரத்தை அமிர்தநாதர் போனில் சொன்னார்: முதலியார் யாழ்ப்பாணக் கச்சேரியில் கொடிகட்டிப் பறந்தவர், அந்தப் பெயரோடுதான் சட்டசபைக்கே போனவர். எங்கள் ஊரில் கச்சேரி என்றால் அரசாங்க அதிபரின் அலுவலகம். அவளுக்குத் தெரிந்த கச்சேரியில் மிருதங்கமும் வயலினும் இருக்கும். 'எங்கள் தீவு தந்த மாபெரும் பாடகர்' என்று நோட்டீஸ் போய்விட்டது. பக்கத்தில் ஒரு தம்புராப் படம் வேறு. வழக்கம்போல நாங்கள் ஒருவரும் அதை வாசிக்கவில்லை.

கூட்டத்தன்று ஹோல் நிரம்பி வழிந்தது. பக்கத்து நகரங்களான அஜக்சிலிருந்தும் பிறம்ரனிலிருந்தும் எங்கள் தீவுச் சனம் பட்டுச்சேலையோடு வந்து இறங்கியது. அமிர்தநாதர் பூரித்துப்போய் மேடையேறிப் பேச்சுத் தாள்களைப் பிரித்தார்.

"தம்பி, பாட்டு எப்ப தொடங்கும்?" என்றார் முன்வரிசையில் இருந்த வயதான அன்ரி ஒருவர்.

"என்ன பாட்டு?" என்றார் அமிர்தநாதர்.

அன்ரி நோட்டீசைத் தூக்கிக் காட்டினார். "முதலியார் எங்க பாடினவர்? கச்சேரியில உத்தியோகம் பாத்தவர்!" என்றார் அமிர்தநாதர்.

நிரோஷினி தலையில் கை வைத்தாள். "ஓ மை கோட்! கச்சேரி எண்டா ஒபிசா?"

ஹோல் விழுந்து விழுந்து சிரித்தது. பின்வரிசை எழும்பத் தொடங்கியது. அமிர்தநாதர் எழும்புகிறவர்களைப் பார்த்தார், கையிலிருந்த தாள்களைப் பார்த்தார். பிறகு தாள்களை மடித்துச் சட்டைப்பையில் வைத்துவிட்டார்.

"எனக்குப் பாடத் தெரியாது. ஒண்டு மட்டும் கேட்டிட்டுப் போங்கோ. அப்ப எங்கட தீவில ஆஸ்பத்திரி இல்லை. பிள்ளை பெற வள்ளத்திலதான் யாழ்ப்பாணம் போகவேணும். காத்து மாறினா தாயும் இல்லை, பிள்ளையும் இல்லை. முதலியாரின்ர மனிசி அப்பிடித்தான் கடலில செத்தவ."

சிரிப்பு நின்றது.

"அந்தாள் கச்சேரி உத்தியோகத்தை விட்டிட்டுச் சட்டசபைக்குப் போனதே ஒரு பிள்ளைப்பேறு ஆஸ்பத்திரிக்காகத்தான். சபையில எழும்பினா உந்த ஆஸ்பத்திரியைப் பற்றித்தான் கதைப்பாராம். உவருக்கு வேற கதையே இல்லையோ எண்டு துரைமார் சிரிப்பினமாம்."

முதலியாரைச் சொல்கிறாரா, தன்னைச் சொல்கிறாரா என்று எங்களுக்கே சந்தேகம் வந்துவிட்டது.

"பிறகு?" என்றார் அன்ரி.

இத்தனை வருடத்தில் அவரிடம் யாரும் அப்படிக் கேட்டதில்லை. அமிர்தநாதர் மேடை விளிம்புக்கே வந்துவிட்டார்.

"பிறகென்ன, கட்டுவிச்சுப்போட்டுத்தான் விட்டவர். என்ர அம்மாவுக்கு நான் தலை மாறிக் கிடந்தனானாம். அந்த ஆஸ்பத்திரி இல்லாட்டி ரெண்டு பேரும் இல்லை. நான் அங்கதான் பிறந்தனான்."

வாசல்வரை போயிருந்த ஒருவர் திரும்பி நின்று கையை உயர்த்தினார். "நானும் அங்கதான்."

"நாங்கள் ரெட்டைப் பிள்ளையள்," என்றார் அன்ரி. "ரெண்டு பேரும் அங்கதான். ஆர் கட்டினதெண்டு இண்டைக்குத்தான் தெரியும்."

மேடையோரம் நின்ற ஜோசப்பினும் கையை உயர்த்தினார். "அண்ணை, நானும்தான். இவ்வளவு நாளும் இதை ஏன் சொல்லேல்லை?"

ஹோல் முழுக்கக் கைகள் எழுந்தன. அமிர்தநாதர் அவற்றை எண்ணத் தொடங்கி, கண்ணீர் மறைக்க, விட்டுவிட்டார்.