பழைய மரச் சாமான்

ஜப்பானின் பொருளாதாரமும் உலக வணிகமும்தான் என் படிப்பு, என் பிழைப்பு. அந்த நாடு கழித்துக்கட்டும் பழைய சாமான்கள் கப்பலேறி இங்கே வந்து குவிவதைப் பற்றி ஒரு கட்டுரை எழுதிக்கொண்டிருந்தேன். ‘மறுபயன்பாடு’, ‘வளங்களின் சுழற்சி’ என்றெல்லாம் அதில் அளந்திருந்தேன். சொந்தக்காரர்களுக்கு நான் ‘ஜப்பான் அக்கா’. கல்யாண வீடுகளில் ஜப்பான் சாமானின் தரத்தைப் பற்றி என்னிடமே பாடம் நடத்துவார்கள்.

புக்கிட் காத்திலில் தங்கை புது வீடு வாங்கினாள். பால் காய்ச்சுவதற்கு முதல் நாள் மதியமே போய்விட்டேன். சாமி அறையில் பளபளவென்று ஒரு கறுப்பு மரப்பெட்டி. இரட்டைக் கதவு, உள்ளே தங்கப் பூச்சு, படிப்படியாகத் தட்டுகள். நடுவில் முருகன் படம்.

“பாச்சாங்ல, ஜப்பான் பழைய சாமான் விக்கிற பண்டல் கடையில எடுத்தேன்கா. சாமி மேடைக்குன்னே செஞ்ச மாதிரி இல்ல?”

கும்பிடச் செய்ததுதான். ஆனால் சாமியை அல்ல. ஜப்பானியர்கள் வீட்டில் செத்தவர்களை வைத்துக் கும்பிடுகிற பெட்டி அது. நல்ல காரியத்தைக் கெடுப்பானேன் என்று வாயை மூடிக்கொண்டேன். அவளோ கற்பூரம் வைக்க இழுப்பறையை இழுத்தாள். சிக்கிக்கொண்டது. பலமாக இழுத்ததும் பின்னாலிருந்து எழுத்துப் பொறித்த சின்னப் பலகை ஒன்று விழுந்தது.

“என்னக்கா எழுதியிருக்கு? மந்திரமா?”

படிக்கத் தெரிந்து தொலைத்ததே. ஒரு பெண்ணின் பெயர், அவள் இறந்த நாள். பெற்ற பிள்ளைகளோ யாரோ, பெட்டியோடு சேர்த்து அவளையும் தள்ளிவிட்டிருக்கிறார்கள். தங்கையிடம் சொல்லிவிட்டேன்.

“இழவு வீட்டுச் சாமான்லயா என் முருகன வச்சேன்?” படத்தைப் பிடுங்கி மார்போடு அணைத்துக்கொண்டாள்.

அன்று மாலையே பெட்டியை வேனில் ஏற்றிக்கொண்டு கடைக்குப் போனோம். உள்ளே பூச்சி உருண்டை நாற்றம், யார் யாரோ உடுத்திக் கழித்த துணிகளின் வியர்வை நாற்றம். இந்த நாற்றத்துக்குத்தான் நான் ‘சுழற்சி’ என்று பெயர் வைத்திருந்தேன். கடைக்காரன் நம் தமிழ்ப் பையன்தான்.

“பரவால்லலா, கபே வைக்கிறவன் யாராச்சும் அழகுக்கு எடுத்துக்குவான்” என்றவன், பலகையையும் துடைத்து விலைச்சீட்டைத் தேடினான். “இது தனியா போவும்.”

அவன் கையைப் பிடித்தேன். “அது செத்துப்போன ஒரு அம்மாவோட பேருப்பா.”

“அப்படியாக்கா? வேணும்னா நீங்களே எடுத்துக்குங்க. ஃப்ரீதான்.”

என் கட்டுரையில் அந்தப் பெட்டி ‘பழைய மரச் சாமான்’ என்ற தலைப்பில் வரும். அந்த அம்மாளுக்கு ஒரு தலைப்பும் கிடையாது. பலகையைக் கைக்குட்டையில் சுற்றிக் கைப்பையில் வைத்துக்கொண்டேன்.

“அத வச்சுக்கிட்டு என் வீட்டுப் படி ஏறாத” என்றாள் தங்கை. அவள் சொன்னதில் தப்பில்லை.

மறுநாள் பால் பொங்கியபோது அந்த அம்மாள் வாசலில், என் காருக்குள் இருந்தாள். உள்ளே ஒரு மாமா என் கையில் பால் டம்ளரைக் கொடுத்துவிட்டு, “ஜப்பான் சாமானாச்சே, அதப் போயி திருப்பிக் குடுப்பாங்களா?” என்று அங்கலாய்த்தார்.

டம்ளரோடு நான் வாசலுக்கு, காரை நோக்கி நடந்தேன்.