ராஜா வேஷத்தில் ஒரு வாலிபால் ஆட்டம்

என் மாமா ராஜா வேஷத்தோடு வாலிபால் ஆடியதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். அப்போது எனக்கு ஒன்பது வயது.

அத்தையைக் கல்யாணம் செய்த கையோடு சேலத்திலிருந்து பெங்களூருக்கு வந்து, அல்சூரில் பள்ளிக்கூடப் பை தைக்கும் கடை வைத்தவர் மாமா. கடை நன்றாகவே ஓடியது. ஆனால் அவருக்குக் கடை மட்டும் போதவில்லை. விடியற்காலையில் ஏரியைச் சுற்றி சைக்கிள், சாயங்காலம் வாலிபால், சாப்பாட்டுக்குப் பிறகு புல்லாங்குழல். ஞாயிற்றுக்கிழமையானால் பெயிண்ட் டப்பாவும் பிரஷ்ஷும். போதாக்குறைக்கு நாடகம் வேறு எழுதினார். "ஒரு மனுஷனுக்கு எத்தனை பைத்தியம்தான் இருக்கும்?" என்று அப்பா அலுத்துக்கொள்வார்.

அந்த ஆட்டத்துக்கு முந்தின வருஷம் காவிரித் தகராறு வந்தபோது கடை பல நாள் பூட்டிக் கிடந்தது. தெரிந்த சில தமிழ்க் குடும்பங்கள் ஊருக்கே திரும்பிப் போய்விட்டன. எனக்கு அது எதிர்பாராமல் கிடைத்த பள்ளி விடுமுறை, அவ்வளவுதான். கடை திறந்த பிறகும் மாமா மைதானம் பக்கம் போகவில்லை. ஒருநாள் அவருடைய டீம் கேப்டன், ஆட்டோ ஓட்டும் கன்னடக்காரர், வீட்டு வாசலில் வண்டியை நிறுத்தி ஹாரனை விடாமல் அடித்தார். மாமா ஷூவை மாட்டிக்கொண்டு போய் வண்டியில் ஏறினார்.

மறு வருஷம் அந்த டீம் ஃபைனலுக்கு வந்தது. அதே நாள் மாலை மாமாவின் நாடகம். எழுதியவரும் அவர், ராஜாவும் அவர். காலையில் நடக்க வேண்டிய ஆட்டம் மழையால் நாலு மணிக்குத் தள்ளிப்போனது. மேக்கப்காரரோ மத்தியானமே வந்து ராஜாவை முதலில் உட்கார வைத்துவிட்டார். முகம் முழுக்க ரோஸ் பவுடர், கண்ணுக்கு மை, காதுவரை முறுக்கிய ஒட்டு மீசை. கிரீடத்தை மட்டும் கழற்றி வைத்துவிட்டு, அரை டிரவுசரை மாட்டிக்கொண்டு, என்னை சைக்கிளின் பின்னால் உட்கார வைத்து மாமா மைதானத்துக்கு மிதித்தார்.

கேப்டன் அவரை மேலும் கீழும் பார்த்தார். "ஏனு ராஜரே, குதுரெ எல்லி?" குதிரை எங்கே என்கிறார்.

மாமா சைக்கிள் சீட்டைத் தட்டினார். "இதே குதுரெ."

மைதானமே சிரித்தது. எதிர் டீமுக்குச் சிரிப்பு வரவில்லை. வேஷத்தோடு ஆடக்கூடாது என்று ரெஃப்ரியிடம் முறையிட்டார்கள். அவர் யோசித்துவிட்டு, "மீசை வைக்கக் கூடாதுன்னு ரூல் இல்லப்பா" என்று விசிலை ஊதினார்.

இரண்டு செட்டில் ஆளுக்கொன்று. மூன்றாவதில் மாமாவின் பவுடர் வியர்வையில் கரைந்து கழுத்தில் வழிந்தது. மீசையின் ஒரு பக்கம் பிய்ந்து தொங்கியது. இன்னும் ஒரு பாயின்ட் எடுத்தால் வெற்றி என்ற நிலையில் மீசையைப் பிடுங்கி, கோட்டருகே நின்ற என் கையில் வைத்தார். "பத்திரமா வச்சுக்கோ பாப்பா." பிறகு கேப்டன் தூக்கிக் கொடுத்த பந்தை எகிறி அடித்தார். எதிர்ப்பக்கம் ஒருவரும் அசையவில்லை. பந்து கோட்டுக்குள் விழுந்து, கூட்டத்துக்குள் துள்ளிப்போனது.

அவரைத் தோளில் தூக்கிக்கொண்டு நாடக அரங்குவரை வந்தார்கள். வழியில் கடைக்காரர்களெல்லாம் தெருவுக்கு வந்து கைதட்டினார்கள். "நம்ம ராஜா, நம்ம ராஜா" என்று கன்னடக் குரல்கள் ஓயவே இல்லை. டீம் முழுவதும் முன்வரிசையில் உட்கார்ந்து தமிழ் நாடகத்தைக் கடைசிவரை பார்த்தது. அழவேண்டிய இடத்தில் சிரித்தார்கள், சிரிக்கவேண்டிய இடத்தில் மாமாவையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கோணல் மீசையோடு ராஜா செங்கோலைத் தூக்கியபோது விசில் அடித்தார்கள். அத்தை மட்டும் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். அரங்கில் காற்றில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை நான் மாமா வீட்டுக்குப் போனபோது, தகராறு சமயத்தில் கட்டிப் போட்ட ஒரு சாக்கு மூட்டையை அத்தை பரணிலிருந்து இறக்கி அவிழ்த்துக்கொண்டிருந்தாள். உள்ளே அவளுடைய கல்யாணப் பாத்திரங்கள். ஒவ்வொன்றாகத் துலக்கி அலமாரியில் அடுக்கினாள்.

"ஊர்லேர்ந்து யாராவது வராங்களா அத்தை?"

"யாரும் வரல. நாமதான் எங்கயும் போகல" என்றாள்.

கேட்டதற்குச் சம்பந்தமில்லாமல் பதில் சொல்கிறாளே என்று நினைத்தபடி, விளையாட ஓடிவிட்டேன்.