மாரிச்செல்வியின் கேஸ் திருப்பூருக்கு வந்த கதை

வக்கீல் குமாஸ்தா வேலைக்குச் சட்டம் கொஞ்சம் தெரிந்தால் போதும், பஸ் டைம்தான் நிறையத் தெரிந்திருக்க வேண்டும். வாய்தாவுக்காக லீவு கேட்டு ஒரு தடவையாவது சூப்பர்வைசர் முன்னால் தலையைச் சொறிந்தவரா நீங்கள்? அப்போ நம்ம ஆளுதான், வாங்க, உட்காருங்க.

லீவு இல்லாத ஊர்

மாரிச்செல்வி திருப்பூர் பனியன் கம்பெனியில் ஓவர்லாக் மிஷினில் தைக்கிற பெண். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவர். கணவர் இசக்கி பிரிந்துபோய் ஒரு வருஷம் கழித்து, ஊர்ப்பக்கத்துக் குடும்ப நீதிமன்றத்தில் விவாகரத்துக் கேஸ் போட்டுவிட்டார். ஒவ்வொரு வாய்தாவுக்கும் இந்தப் பெண்ணுக்கு ரெண்டு நாள் லீவு. வரிசையில் ஒரு மிஷின் காலியானால் பின்னால் இருப்பவர்களும் கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதுதான். இன்னொரு லீவு போட்டால் வேலை கிடையாது என்று கான்ட்ராக்டர் சொல்லிவிட்டார்.

கேஸைத் திருப்பூருக்கு மாற்றச் சொல்லி ஹைகோர்ட்டில் மனுப் போடலாம் என்றார் எங்கள் வக்கீலம்மா. மாரிச்செல்வி கேட்டது ஒன்றே ஒன்று.

"அதுக்கு நான் மெட்ராஸ் வரணுமா அண்ணாச்சி? வரணும்னா இதுவும் வேண்டாம்."

பயந்த பெண்

வர வேண்டாம், கையெழுத்து மட்டும் போதும் என்றேன். மனு எழுதியது நான்தான். பழைய மனு ஒன்றை எடுத்து, பேரை மட்டும் மாற்றினேன். அதில், 'மனுதாரர் பெண் என்பதால் துணையின்றி வெளியூர் செல்ல இயலாது' என்று ஒரு வரி. எங்கள் ஆபீஸில் அந்த வரி இல்லாத மாற்றல் மனுவே கிடையாது. அரை மணி நேர பர்மிஷனில் ஓடிவந்த பெண், படிக்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டு ஓடிவிட்டார். மனு முடியும்வரை ஊர்க் கேஸுக்குத் தடையும் வாங்கினார் வக்கீலம்மா.

இசக்கி தரப்பிலிருந்து எதிர்மனு வந்தது. கூடவே ஒரு போட்டோ. ஊரில் கோயில் கொடைத் திருவிழாவுக்கு மாரிச்செல்வி ரெண்டு பையைத் தூக்கிக்கொண்டு, தன்னந்தனியாகப் பஸ்ஸிலிருந்து ஜம்மென்று இறங்குகிறார்! வக்கீலம்மா என்னைக் கிழிகிழியென்று கிழித்தார். அதைவிட மாரிச்செல்வி பார்த்த பார்வை இருக்கிறதே, அப்பப்பா.

"லீவு இல்லன்னு எழுதச் சொன்னேன். எனக்குப் பயம்னு உங்ககிட்ட யாரு அண்ணாச்சி சொன்னா?"

எழுதினால் சங்கடம்

பதில் மனுவில் உள்ளதை உள்ளபடி எழுதினோம். அதற்கு ஆதாரமாகக் கான்ட்ராக்டரிடம் ஒரு கடிதம் வேண்டும். அவிநாசிக்காரர், தங்கமான மனுஷன், கத்துவது மட்டும் கொஞ்சம் ஜாஸ்தி. பேனாவைப் பிடித்துக்கொண்டு கால் மணி நேரம் வெள்ளைத்தாளையே பார்த்தார். 'அடுத்த லீவுக்கு வேலையை விட்டு நிறுத்துவேன்' என்ற ஒரு வரிக்கு ரெண்டு டீ ஆனது. கடைசியில் எழுதிவிட்டார், அதை வைத்துத்தான் கேஸும் திருப்பூருக்கு வந்தது. கையெழுத்துப் போட்டுவிட்டு அவர் சொன்னது:

"சொல்றப்ப சுளுவா இருந்துச்சுங்க, எழுதறப்பத்தான் மனசுக்குச் சங்கடமா இருக்குது."

சாயம் பட்ட விரல்கள்

திருப்பூரில் முதல் வாய்தா. ஒரு மணி நேர பர்மிஷனில் மாரிச்செல்வி வந்தார், வேலை போகாமல் தப்பிய சந்தோஷம் முகத்தில். எதிர்ப் பெஞ்சில் இசக்கி. விரல் பத்திலும் நீலச் சாயம். எனக்கு ஏதோ உறைத்தது. எந்த ஊரிலிருந்து வர்றீங்க என்று கேட்டேன்.

"இங்கதாம் அண்ணாச்சி, சாயப்பட்டறையில ஒரு வருஷமா நிக்கேன். கேஸு, எதிர்மனு எல்லாம் ஊர்ல எங்க அண்ணன் பார்த்தாவ, நான் கையெழுத்து மட்டுந்தாம். வாய்தாவுக்கு ஊருக்குப் போவ எனக்கும் லீவு வாங்கப் பெரும்பாடு. மாத்தினது நல்லதாப் போச்சு."

அடப்பாவி மனுஷா! ரெண்டு பேரும் இதே ஊரிலிருந்து தனித்தனிப் பஸ் பிடித்துத் திருநெல்வேலி போய், ஒருத்தரை ஒருத்தர் முறைத்துவிட்டுத் திரும்பியிருக்கிறார்கள். எனக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது. மாரிச்செல்விக்குச் சிரிப்பு வரவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னார்:

"கூட இருந்த நாலு வருஷமும் இப்படித்தாம் அண்ணாச்சி. இவருக்கு என்ன கஷ்டம்னு கோர்ட்டுக்கு வந்துதாம் நான் தெரிஞ்சுக்கணும்."

ஒரே ஊரில் இருந்த ரெண்டு பேரை அதே ஊருக்குக் கொண்டுவர எங்களுக்கு எட்டு மாதம் பிடித்தது, ஆபீஸ் ஃபைலில் அதை வெற்றி என்றுதான் எழுதி வைத்திருக்கிறோம்.