வழி சொல்லாத ஊர்

வெண்டெலீன் சோவுசெக் ஓரிடத்தில் உட்கார்ந்து பார்த்தவர்கள் விர்பிட்சே என்ற செக் கிராமத்தில் குறைவு. பீர்க்கடையில்கூட நின்றபடிதான் குடிப்பார். ஒரு கிளாஸ் முடிவதற்குள் வாசல்வரை போய்ச் சாலையைப் பார்த்துவிட்டு வருவார், அசந்த நேரத்தில் யாரோ அதைச் சுருட்டிக்கொண்டு போய்விடுவார்கள் என்பதுபோல.

அவருக்குச் சாலைப் பராமரிப்பு வேலை. குழி மூடுவது, ஓரத்துப் பிளம் மரங்களுக்குச் சுண்ணாம்பு அடிப்பது, ஊர்ப்பெயர்ப் பலகை நடுவது. குடியரசு பிறந்த ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினெட்டில் பிறந்தவர். அந்த வயதுக்காரர்களுக்கு நாடு அடிக்கடி மாறும், வீடு மட்டும் மாறாது. ஜெர்மானியர் வந்தபோது பலகையில் மேலே ஜெர்மன், கீழே செக். அவர்கள் ஓடியதும் கீழே இருந்தது மேலே ஏறியது. பிறகு தோழர்கள் வந்தார்கள்; ஊர்ப் பலகைக்குப் பக்கத்தில் சோஷலிசத்துக்கு ஒரு பலகை முளைத்தது. எல்லாவற்றுக்கும் குழி தோண்டியது வெண்டெலீன்தான். “எவன் ஆண்டா என்ன, கம்பத்துக்கு ஆழம் ஒண்ணுதான்” என்பார்.

அறுபத்தெட்டு ஆகஸ்ட்டில் மாஸ்கோ தலைமையில் ஐந்து சகோதர நாடுகள் யாரும் கேட்காமலே உதவிக்கு வந்தன, டாங்கிகளோடு. எங்கிருந்தோ ஒளிந்து பேசிக்கொண்டிருந்த வானொலி ஒரு வேண்டுகோள் விடுத்தது: வழிகாட்டிப் பலகைகளை எடுத்துவிடுங்கள், அந்நியர் யாருக்கும் எந்த ஊர் எங்கே இருக்கிறது என்று சொல்லாதீர்கள்.

வாழ்நாளெல்லாம் பலகை நட்டவருக்கு அதைப் பிடுங்குவதில் இப்படி ஒரு ருசி இருக்கும் என்று யார் கண்டார்கள். காலைக்குள் தன் எல்லையில் ஒன்றுவிடாமல் கழற்றிக் கொட்டகையில் அடுக்கினார். கடைசிக் கம்பத்தைச் சாய்த்துக்கொண்டிருந்தபோது ஒரு டாங்கி வரிசை வந்து நின்றது. வரைபடமும் கையுமாக ஓர் இளம் அதிகாரி இறங்கி மாவட்டத் தலைநகருக்கு வழி கேட்டான். வெண்டெலீன் மிக மரியாதையாகத் தொப்பியைக் கழற்றி, கல்குவாரிப் பாதையைக் காட்டினார்.

பீர்க்கடைக்காரர் ஹினெக் அன்று அவருக்கு ஊற்றிய பீருக்குக் காசு வாங்கவில்லை. “அண்ணே, நீங்க காட்டின வழில போனா அவனுங்க பாறைல முட்டிக்கிட்டுத்தான் நிக்கணும்.”

“நிக்கட்டும். வேடிக்கை பாத்துட்டுப் போகட்டும்” என்றார் வெண்டெலீன், நின்றுகொண்டே.

மத்தியானம் அவர் மகள் யார்மிலாவுக்கு வலி கண்டது. தலைப்பிரசவம். மருமகன் ராணுவத்தில், எதிர்க்கக் கூடாது என்ற உத்தரவோடு அவனை முகாமுக்குள்ளேயே வைத்துப் பூட்டியிருந்தார்கள். ஊர் மருத்துவச்சி பல்கேரியக் கடற்கரையில் விடுமுறையில். ஆம்புலன்ஸுக்கு அடித்த தொலைபேசி செத்துக் கிடந்தது. ஹினெக் தன் பழைய ஸ்கோடாவை எடுத்தார். பின்சீட்டில் யார்மிலாவும் அவள் அம்மா அனெஷ்காவும், முன்சீட்டில் வெண்டெலீன்.

ஆஸ்பத்திரி ஆற்றுக்கு அந்தப் பக்கம். பாலத்துக்கு வந்தால் பாலத்தின் மேல் டாங்கி. அதன் பின்னால் டாங்கி. கல்குவாரியில் முட்டித் திரும்பிய வரிசை, வேறு போக்கிடம் இல்லாமல், மாவட்டத்திலேயே இருந்த ஒரே நல்ல பாலத்தில் வந்து குந்தியிருந்தது. காலையில் வழி கேட்ட அதிகாரி வெண்டெலீனைப் பார்த்தான். அடையாளம் தெரிந்துகொண்டான்.

“திருப்புப்பா, திருப்பு” என்றார் வெண்டெலீன்.

“யாருய்யா அவன், உன்னையே முறைக்கிறான்?” என்றாள் அனெஷ்கா.

“தெரியல.”

“தெரியலயா? ஊரே பேசுது. நீ அனுப்பி வச்ச விருந்தாளிங்கதானே. போய்ச் சொல்லு, எம்பொண்ணு பிள்ளை பெத்துக்கணும், கொஞ்சம் ஒதுங்குங்கடான்னு.”

காட்டுப்பாதையாகச் சுற்றி, ஆறு வரும் திசையில் இருந்த மேல்பாலத்தைப் பிடிப்பது என்று முடிவாயிற்று. தன் எல்லைக்குள் வெண்டெலீனுக்கு ஒவ்வொரு குழியும் பழக்கம். எல்லை தாண்டினால் அவரும் பலகையைப் படித்துப் போகிற ஆள்தான். பலகை எங்கே? ஒவ்வொரு சந்திப்பிலும் மொட்டைக் கம்பம். ஒரு கம்பத்தில் மட்டும் அம்புக்குறி இருந்தது: மாஸ்கோ, ஆயிரத்து எண்ணூறு கிலோமீட்டர்.

“இது ஒண்ணுக்குத்தான் சரியா வழி போட்டிருக்கான்” என்றார் ஹினெக்.

பின்சீட்டில் முனகல் நெருக்கிக்கொண்டே வந்தது. வெண்டெலீன் கதவைத் திறந்து திறந்து மூடினார்.

முதல் ஊரில் புல் அறுத்துக்கொண்டிருந்தவன் இடதுபக்கம் போகச் சொன்னான். அது ஒரு குளத்தில் போய் முடிந்தது. அடுத்த ஊரில் ஒரு பெண் பணிவாக வலதுபக்கம் கைகாட்டினாள். கால்மணி நேரம் ஓடி அதே பெண்ணின் முன்னால் வந்து நின்றார்கள். அவள் ஜன்னலைச் சாத்திக்கொண்டாள். மாவட்டம் முழுக்கத் தேசபக்தி கரைபுரண்டு ஓடியது, அதில் ஒரு ஸ்கோடா தத்தளித்தது.

மூன்றாவது ஊரில் குளம், சின்னத் தேவாலயம், கம்பத்தில் ஊர் ஒலிபெருக்கி. எல்லா ஊரிலும் இருப்பவை. வீட்டுச் செருப்போடு, முயல்களுக்கு உருளைக்கிழங்குத் தோல் வாளியைத் தூக்கிக்கொண்டு ஒருவர் நின்றார். வெண்டெலீன் வண்டி நிற்குமுன்பே குதித்தார்.

“ஐயா, இது எந்த ஊரு?”

“நான் இந்த ஊர்க்காரன் இல்லீங்க.”

வெண்டெலீன் அவர் காலைப் பார்த்தார். வாளியைப் பார்த்தார். “வீட்டுச் செருப்போட எந்த ஊர்லேருந்து நடந்து வந்தீங்க?”

“சும்மா அப்படியே. காத்து வாங்க.”

“நானும் செக் ஆளுதான்யா. பேசறது காதுல விழலயா?”

“நல்லாத்தான் பேசுறீங்க. உளவாளிங்க நல்லாப் பேசுவாங்கன்னு ரேடியோல சொன்னாங்க.”

அதற்குள் அனெஷ்கா இறங்கிவிட்டாள். “யோவ் முயலு, உளவாளி கர்ப்பிணியைக் கூட்டிக்கிட்டா வருவான்? வந்து பாருய்யா உள்ள.”

அவர் எட்டிப் பார்க்கவும் யார்மிலா அலறவும் சரியாக இருந்தது. வீட்டுக்குள்ளிருந்து அவர் மனைவி, கையெல்லாம் மாவோடு ஓடி வந்தாள். “அந்த வாளியக் கீழ போட்டுட்டுப் பொண்ணத் தூக்குய்யா, மரம் மாதிரி நிக்கிற” என்றாள்.

பிரசவம் அந்தச் சமையலறையில் நடந்தது. அடுப்பில் கொதித்த நீர் கொழுக்கட்டைக்கு வைத்தது, குழந்தைக்கு ஆயிற்று. ஆண்கள் முற்றத்தில் பிளம் சாராயத்தோடு நின்றார்கள். வெண்டெலீன் முயல்கூண்டுக்கும் கதவுக்கும் இடையே நடந்து ஒரு தடம் போட்டுவிட்டார். பெண் குழந்தை என்று உள்ளிருந்து குரல் வந்ததும் செருப்புக்காரரைக் கட்டிக்கொண்டு அழுதார். பிறகு கேட்டார்: “இப்பவாவது சொல்லுங்க. என் பேத்தி பொறந்த ஊரு எது?”

செருப்புக்காரர் கம்பத்து ஒலிபெருக்கியை நிமிர்ந்து பார்த்தார். “வேணாங்க. சொல்லக் கூடாதுன்னு சொல்லியிருக்காங்க. ஆஸ்பத்திரிக்கு நானே கூட வந்து கொண்டுபோய் விடறேன்.”

சொன்னபடியே இருட்டியதும் காரில் ஏறி, இந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்று விரலால் காட்டி மேல்பாலம் தாண்டிக் கொண்டுபோய் விட்டார். இறங்கும்போதுகூடப் பெயர் சொல்லவில்லை. தாயும் பிள்ளையும் சுகம். நர்ஸ் பிறந்த இடம் கேட்டாள், இவர்கள் முழித்தார்கள், ஆஸ்பத்திரி என்றே அவள் எழுதிக்கொண்டாள்.

டாங்கிகள் பாலத்தை விட்டு இறங்கின, நாட்டை விட்டுப் போகவில்லை. பலகைகளைத் திரும்ப நடச்சொல்லி உத்தரவு வந்தது. வெண்டெலீன் நட்டார். ஞாயிறுதோறும் சைக்கிளை எடுத்துக்கொண்டு பேத்தி பிறந்த சமையலறையைத் தேடிக் கிளம்பினார். அனெஷ்கா திட்டிப் பார்த்தாள், பிறகு ரொட்டி கட்டிக் கொடுத்தாள்.

இப்போது எல்லா ஊருக்கும் பெயர் இருந்தது. ஆனால், “ஆகஸ்ட்டுல இங்க ஒரு கார் வந்துதா?” என்று கேட்டவுடன் ஜனங்கள் முகத்தைக் கழுவித் துடைத்ததுபோல வைத்துக்கொண்டார்கள். ஆகஸ்ட்டில் நீ என்ன செய்தாய் என்று அலுவலகங்களில் கூப்பிட்டு விசாரிக்கும் காலம் அது. வேலை பறிபோன வாத்தியார்கள் கொதிகலனுக்குக் கரி அள்ளப் போனார்கள். சைக்கிளில் வந்து ஆகஸ்ட்டைப் பற்றிக் கேட்கிறவன் யாராக இருப்பான்?

நாலாம் வருஷம் ஒரு வேலிக்கு அப்பால் முயல்கூண்டு தெரிந்தது. பக்கத்தில் அவரேதான், செருப்பும் அதேதான். வெண்டெலீன் சைக்கிளைப் போட்டுவிட்டு ஓடினார். “ஐயா, நாந்தான். பாப்பாவுக்கு இப்ப நாலு வயசு. பேரு பாவ்லா.”

அந்த மனிதரின் முகம் ஒரு கணம் மலர்ந்தது. பிறகு தெருவின் இருபக்கமும் பார்த்தார்.

“தப்பா வந்துட்டீங்க. இங்க யாரும் பொறக்கல. ஆகஸ்ட்டுல நாங்க ஊர்லயே இல்ல.”

உள்ளே அவர் மனைவி ஜன்னல் திரையை விலக்கிப் பார்த்தாள், மூடிக்கொண்டாள்.

வெண்டெலீன் தலையாட்டினார். வேலியோரம் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு, வாழ்க்கையில் முதல் தடவையாக என்று சொல்லலாம், அந்த வீட்டு வாசலுக்கு எதிரே புல்லில் உட்கார்ந்தார். ரொட்டிப் பொட்டலத்தைப் பிரித்து, அவசரமில்லாமல், முழுவதையும் தின்று முடித்தார். யாரும் வந்து எழுப்பவில்லை.