படங்கு கட்டிய வெள்ளைக்காரச் சிறுமி

வாடும் கொழுந்தின் பச்சை மணம் மூக்கில் பட்டால் போதும், எங்கள் தோட்டத்துத் தேயிலைத் தொழிற்சாலையின் மேல்மாடியும், அங்கே திரையாகக் கட்டியிருந்த வெள்ளை வேட்டியில் ஓடித் திரிந்த வெள்ளைக்காரப் பிள்ளைகளும்தான் எனக்கு நினைவு வரும்.

அது ஒரு ஞாயிறு பிற்பகல். ஹட்டனிலிருந்து வந்த படக்காரர் ஜன்னல்களையெல்லாம் சாக்கால் மூடச் செய்து, பேச்சே இல்லாத ஒரு பழைய சிரிப்புப் படத்தை ஓட்டினார். அதுவரை படமே பார்த்திராத நான், வெளிச்சத்துக்குள்ளிருந்து பிள்ளைகள் ஓடிவந்ததைக் கண்டு முன்வரிசைக்கே நகர்ந்துவிட்டேன். மறுநாள் காலை, ஆட்களை வேலைக்குப் பிரிக்கும் பெரட்டில் எனக்குப் "பேர் பதிய" வேண்டும், பன்னிரண்டு வயதோடு பள்ளிக்கூடத்தை விட்டுக் கொழுந்தெடுக்கப் போகவேண்டும் என்று அப்பா முடிவு செய்திருந்ததைக்கூட மறந்துவிட்டேன்.

கிழிந்த சட்டையும் வெறுங்காலுமாக அந்தப் பிள்ளைகள் பெட்டிக்குச் சக்கரம் பூட்டி ஓட்ட, துரத்திய போலீஸ்காரர் மாவுக்குள் விழுந்தார். மாடியே அதிரச் சிரித்தோம். பிறகு என் உயரமே இருந்த ஒரு சிறுமி, இடுப்பில் சாக்கைச் சுற்றிக் கயிற்றால் கட்டிக்கொண்டு நிமிர்ந்து நடந்து வந்தாள். சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது. மழைக்கும் தேயிலைக் குச்சிக்கும் காப்பாக எங்கள் பெண்கள் தினமும் கட்டுகிற "படங்கு" அல்லவா அது.

"அடியாத்தி, வெள்ளக்காரப் புள்ளைக்குமா பேர் பதிஞ்சிட்டாங்க?" என்றார் அம்மா. சுற்றியிருந்த பெண்கள் உச்சுக்கொட்டினார்கள். ஒருத்தி முந்தானையால் கண்ணைத் துடைத்தாள்.

லயத்து வீட்டுக்கு வந்ததும், எனக்கென்று வெட்டி வைத்திருந்த படங்கை எடுத்து, அம்மா வாசலில் கால் மிதிக்கப் போட்டார்.

"ஏங்க, பாக்கவே பொறுக்கலைங்க. இவ படிக்கட்டும்."

"ஊரோட ஒத்துப் போகணும்," என்று முணுமுணுத்த அப்பா, மறுநாள் வாசலில் கிடந்த படங்கைத் தாண்டித் தனியாகத்தான் பெரட்டுக்குப் போனார்.

இன்று நான் ஆசிரியை. தொழிற்சாலையை மூடிவிட்டார்கள், மாடியின் பலகைகூட மிச்சமில்லை. போன மாதம் அந்தப் படம் கைப்பேசியில் அகப்பட்டது. அந்தச் சிறுமி போட்டது ராணி வேஷமாம், சாக்குதான் பட்டுப்பாவாடையாம். உலகமே சிரித்த இடத்தில் நாங்கள் மட்டும் அழுதிருக்கிறோம். அந்த அழுகையில்தான் என் படிப்பு பிழைத்தது.

அம்மாவிடம் இதைச் சொல்ல மனம் வரவில்லை, படத்தை மட்டும் காட்டினேன். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு கடைசிவரை பார்த்தார்.

"இந்தப் புள்ளைய அப்புறம் பள்ளிக்கூடத்துக்கு அனுப்புனாங்களாடி?"

"அனுப்புனாங்கம்மா," என்றேன்.